செய்த வேலைக்குக் கூலி தயவல்ல

"கோழி மேய்த்தாலும் கோறணமேந்தில் மேய்க்க வேண்டும்" என்பது யாழ்ப்பாணத்தில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லப்பட்டு வரும் பழமொழி. செம்மண் தோட்டத்தில் புகையிலையும் வெங்காயமும் மிளகாயும் நட்டு, துலா மிதித்து நீர் இறைத்து வாழ்ந்த குடும்பங்களும் ஒரு பிள்ளையையாவது அரசாங்க உத்தியோகத்துக்கு அனுப்பிவிட வேண்டும் என்று பாடுபட்டன. மாரி பொய்க்கலாம், வெங்காயத்தின் விலை சந்தையில் விழலாம், ஆனால் மாதம் முடியச் சம்பளம் வரும் என்பது அவர்களுடைய கணக்கு. உத்தியோகம் முடிந்த பின்னும் பென்சன் வரும், கணவன் இறந்தால் மனைவிக்கும் ஒரு தொகை வரும் என்ற நம்பிக்கையும் அதனோடு சேர்ந்திருந்தது.

இந்த நம்பிக்கை இடம்பெயர்ந்த காலத்தில் எவ்வளவு பெரிய ஊன்றுகோலாக இருந்தது என்பதை எமது குடும்பங்கள் நன்கு அறியும். 1990 ஜூனில் வலிகாமம் வடக்கின் கரையோரக் கிராமங்கள் வெறுமையாகின. 1995 ஒக்டோபர் 30 ஆம் திகதி தொடங்கி வலிகாமம் முழுவதுமே தென்மராட்சிக்கும் வடமராட்சிக்கும் வன்னிக்கும் பெயர்ந்தது. தோட்டம் போயிற்று, கிணறு போயிற்று, மாடும் போயிற்று. போர் நடந்த காலத்திலும் அரசாங்க ஊழியரின் சம்பளமும் ஓய்வூதியர்களின் பென்சனும் கச்சேரிகள் ஊடாக, தாமதங்களுடனாயினும், வந்துகொண்டிருந்தன. ஒரு தாத்தாவின் பென்சனில் மூன்று குடும்பங்களின் உலை கொதித்த வீடுகள் பல.

ஆனால் இந்தச் சம்பளமும் பென்சனும் அரசாங்கம் மனம் இரங்கித் தரும் கொடையா? அல்லது வேலை செய்தவன் கேட்டுப் பெறக்கூடிய உரிமையா? தராவிட்டால் நீதிமன்றப் படியேற முடியுமா? இந்தக் கேள்விக்கு இலங்கையில் விடை கிடைத்தது ஒரு தமிழ் எழுதுவினைஞர் தொடுத்த வழக்கினால். அந்த வழக்கின் வரலாறு காணி இழந்து, பத்திரம் இழந்து நிற்கும் கமக்காரருக்கும் பயன்தரக் கூடியது.

ஒரு சம்பள ஏற்றத்துக்காக ஒரு வழக்கு

செல்லையா கோடீஸ்வரன் 1952 இல் அரசாங்க எழுதுவினைஞர் சேவையில் சேர்ந்தவர். 1959 இல் அதற்கு மேலான தரத்துக்கு உயர்ந்தார். அவர் சேவையில் சேர்ந்தபோது நிருவாக மொழி ஆங்கிலம். அவருடைய நியமனத்தில் சிங்களம் கற்க வேண்டும் என்ற நிபந்தனை இருக்கவில்லை.

1956 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டம் சிங்களத்தை மட்டும் அரசகரும மொழி ஆக்கியது. அதனைத் தொடர்ந்து 1961 டிசம்பரில் திறைசேரி 560 ஆம் இலக்கச் சுற்றறிக்கையை வெளியிட்டது. முன்னரே சேவையில் இருந்த உத்தியோகத்தரும் சிங்களத் தேர்ச்சிப் பரீட்சையில் படிப்படியாகச் சித்தியடைய வேண்டும், தவறினால் வருடாந்தச் சம்பள ஏற்றம் நிறுத்தப்படும் என்பது அதன் சாரம்.

கோடீஸ்வரன் அந்தப் பரீட்சைக்குத் தோற்றவில்லை. 1962 ஏப்ரலில் அவருக்கு வரவேண்டிய சம்பள ஏற்றம் மறுக்கப்பட்டது. வேலையில் குறை சொல்லப்படவில்லை. ஒழுக்கத்திலும் குறை சொல்லப்படவில்லை. பரீட்சை ஒன்றுதான் காரணம். ஒரு வருட ஏற்றம் என்பது பெரும் பணம் அல்ல. "போனால் போகட்டும், மேலிடத்தோடு எதற்குப் பகை" என்று விட்டுவிட்டோர் பலர். அவர் விடவில்லை. கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் சட்டமா அதிபருக்கு எதிராக வழக்குத் தாக்கல் செய்தார்.

அன்று நடைமுறையில் இருந்தது சோல்பரி அரசியலமைப்பு. அதன் 29 ஆவது பிரிவு, ஒரு சமூகத்தவர் மீது ஏனைய சமூகத்தவருக்கு இல்லாத பாதகத்தைச் சுமத்தும் சட்டத்தைப் பாராளுமன்றம் இயற்றக்கூடாது என்று கூறியது. மொழிச் சட்டம் அந்தப் பிரிவை மீறுகிறது, ஆகவே அதன் அடியில் எழுந்த சுற்றறிக்கையும் செல்லாது என்பது கோடீஸ்வரனின் வாதம்.

1964 இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிறெற்சர் கோடீஸ்வரனுக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தார். மொழிச் சட்டம் அரசியலமைப்புக்கு முரணானது என்றே அவர் கண்டார். நாடு முழுவதும் பேசப்பட்ட தீர்ப்பு அது. அரசு உயர் நீதிமன்றத்துக்கு மேன்முறையீடு செய்தது.

1967 இல் பிரதம நீதியரசர் எச். என். ஜி. பெர்னாண்டோவும் நீதியரசர் ஜி. பி. ஏ. சில்வாவும் அந்த மேன்முறையீட்டை விசாரித்துத் தீர்ப்பு வழங்கினர். அவர்கள் மொழிப் பிரச்சினைக்குள் செல்லவில்லை. அதற்கு முன்னாலுள்ள ஒரு வாசலிலேயே வழக்கை நிறுத்தினர். அரசாங்க ஊழியர் முடியின் விருப்பத்துக்கு அமையவே பதவி வகிக்கிறார், ஆகவே சம்பளம் கேட்டு முடிக்கு எதிராக வழக்குப்போட அவருக்கு உரிமை இல்லை என்று கூறி மாவட்ட நீதிமன்றத் தீர்ப்பை மாற்றினர்.

இத்தீர்ப்பு நிலைத்திருந்தால் அதன் பாதிப்பு தமிழ் உத்தியோகத்தரோடு நின்றிருக்காது. சிங்களவரோ தமிழரோ முஸ்லிமோ, அரசாங்கத்தில் வேலை செய்த எவரும் தமக்குத் தரப்படாத சம்பளத்துக்காக நீதிமன்றம் போக முடியாத நிலை வந்திருக்கும்.

நேற்றைய கூலியும் நாளைய வேலையும்

அக்காலத்தில் இலங்கையின் இறுதி நீதிமன்றம் லண்டனில் இருந்த கோமறைக் கழகம். பிரிவிக் கவுன்சில் என்று நம்மவர் சொல்வது அதனைத்தான். கோடீஸ்வரன் அங்கே மேன்முறையீடு செய்தார். 1969 டிசம்பரில் டிப்ளொக் பிரபு அதன் தீர்ப்பை வழங்கினார்.

அந்தத் தீர்ப்பின் அடிப்படையை எமது தோட்டத்து வழக்கத்தைக் கொண்டே விளங்கிக்கொள்ளலாம். வெங்காயம் கிண்ட ஒருவரைக் கூலிக்குப் பிடிக்கிறோம். மூன்று நாள் வேலை செய்கிறார். நான்காம் நாள் "இனி வரவேண்டாம்" என்று சொல்ல நமக்கு இடமுண்டு. ஆனால் "இனி வேண்டாம் என்று சொல்ல எனக்கு உரிமை உண்டு, ஆகவே செய்த மூன்று நாளுக்கும் கூலி இல்லை" என்று சொன்னால் ஊர் ஒப்புமா? நாளைய வேலையை நிறுத்தும் உரிமை ஒன்று. நேற்றைய கூலியைக் கொடுக்கும் கடமை வேறொன்று. முதலாவது இருப்பதால் இரண்டாவது அழிந்துபோவதில்லை.

கோமறைக் கழகம் கூறியதும் இதுதான். அரசு தன் ஊழியரை விருப்பப்படி நீக்கலாம் என்று கொண்டாலும், அவர் செய்து முடித்த வேலைக்கான சம்பளம் அவருக்குச் சேரவேண்டிய கடன். அதற்காக அவர் வழக்குத் தொடரலாம். இங்கிலாந்தின் சட்டத்தைக் காட்டி இந்த உரிமையை மறுக்க முடியாது. ஏனெனில் இலங்கையில் உரோமன் டச்சுச் சட்ட மரபு இருக்கிறது. அரசுக்கு எதிராக ஒப்பந்த வழக்குகளைக் கேட்கும் வழக்கமும் பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்தே இந்நாட்டு நீதிமன்றங்களில் ஊன்றியிருக்கிறது. இவ்வாறு காரணங்காட்டி உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பை அது மாற்றியது.

ஒரு சிறு சம்பள ஏற்றத்துக்காகத் தொடங்கிய வழக்கு, அரசாங்க ஊழியரின் சம்பளம் சட்டப்படி கேட்கக்கூடிய உரிமை என்பதை ஏழு ஆண்டுகளுக்குப் பின் நிலைநாட்டியது.

வென்றும் முடியாத வழக்கு

இந்த இடத்தில் கதையை நிறுத்திவிட்டால் அது முழு உண்மையாகாது. கோமறைக் கழகம் மொழிச் சட்டம் செல்லுமா என்ற பெரிய கேள்விக்கு விடை சொல்லவில்லை. அதனை உயர் நீதிமன்றமே முதலில் விசாரிக்கட்டும் என்று வழக்கைக் கொழும்புக்குத் திருப்பி அனுப்பியது.

அந்த விசாரணை நடக்கவேயில்லை. 1971 இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடுகள் சட்டத்தின் மூலம் ஒழிக்கப்பட்டன. 1972 மே 22 இல் குடியரசு அரசியலமைப்பு வந்தது. 29 ஆவது பிரிவு அதில் இல்லை. சிங்களம் மட்டும் அரசகரும மொழி என்பது அந்த அரசியலமைப்பிலேயே எழுதப்பட்டது. கேள்விக்கு ஆதாரமாயிருந்த பிரிவே போனபின் கேள்வியும் அந்தரத்தில் நின்றுவிட்டது. தமிழும் அரசகரும மொழியாதல் வேண்டும் என்ற வாசகம் 1987 நவம்பரில் பதின்மூன்றாம் திருத்தத்தோடுதான் அரசியலமைப்பில் ஏறியது.

இதிலிருந்து இரண்டு பாடங்கள் கிடைக்கின்றன. ஒன்று, தனி மனிதர் ஒருவர் முறையாக நின்று கேட்டால் எல்லோருக்கும் பயன்படும் சட்டம் பிறக்கலாம். மற்றது, நீதிமன்றம் எல்லாவற்றையும் தந்துவிடாது. காலம் இழுபடும். ஆட்சி மாறும். கேள்வி கேட்டுக்கொண்டிருக்கும்போதே கேள்விக்கு அடியிலுள்ள சட்டம் மாற்றப்படலாம். ஆகவே வழக்கை மட்டும் நம்பி மற்ற முயற்சிகளைக் கைவிடக் கூடாது. வழக்கினால் பயனில்லை என்று கையைக் கட்டிக்கொண்டிருப்பதும் சரியாகாது.

பென்சன் உரிமையா, தயவா?

செய்த வேலையின் சம்பளம் உரிமை என்றாயிற்று. ஓய்வு பெற்றபின் வரும் பென்சன் எப்படி?

இலங்கையில் பென்சன் ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பின்படியே வழங்கப்படுகிறது. பழைய குடியேற்ற ஆட்சிக் காலத்திலிருந்து வந்த அக்குறிப்பின் முதற் பிரிவே, அரசாங்க ஊழியருக்கு ஓய்வூதியத்தின் மேல் முற்றான உரிமை இல்லை என்று தொடங்குகிறது. கவனக்குறைவோ ஒழுங்கீனமோ தவறான நடத்தையோ நிரூபிக்கப்பட்டால் ஓய்வூதியத்தைக் குறைக்கவும் நிறுத்தவும் அது இடம் கொடுக்கிறது. முப்பது வருடம் உழைத்தவரின் முதுமைச் சோற்றைப் பற்றி ஒரு நாடு எழுதிவைத்த முதல் வாக்கியம் இதுவாக இருப்பது யோசிக்க வேண்டியதே. எனினும், குறிப்பில் "முற்றான உரிமை இல்லை" என்று இருப்பதால் அதிகாரி நினைத்தபடி செய்யலாம் என்று பொருள் கொள்ளக்கூடாது. நியாயமான காரணமின்றி மறுத்தாலும், ஒத்த நிலையிலுள்ளவர்களுக்குள் பாகுபாடு காட்டினாலும், விசாரியாமல் நிறுத்தினாலும் நீதிமன்றம் தலையிட வழியுண்டு. சட்டத்தின் முன் யாவரும் சமம் என்ற அரசியலமைப்பின் 12 ஆவது உறுப்புரை ஓய்வூதியருக்கும் உரியது.

அயல் நாடான இந்தியாவில் இதே கேள்வி 1982 இல் தீர்க்கமாக விடை பெற்றது. அங்கே மத்திய அரசு 1979 இல் பென்சனைக் கணக்கிடும் முறையைத் திருத்திக் கூட்டியது. ஆனால் 1979 மார்ச் 31 இலும் அதன் பின்னரும் ஓய்வு பெற்றவர்களுக்கே புதிய முறை பொருந்தும் என்றது. ஒரு நாள் முந்தி ஓய்வு பெற்றவர் பழைய குறைந்த தொகையோடு நிற்க வேண்டியதாயிற்று. டி. எஸ். நகாரா என்ற ஓய்வு பெற்ற அரசு அலுவலர் உச்ச நீதிமன்றம் சென்றார். படையிலிருந்து ஓய்வு பெற்ற ஒருவரும், கொமன் கோஸ் என்ற பொதுநலச் சங்கமும் அவரோடு சேர்ந்து மனுதாரராயினர்.

1982 டிசம்பர் 17 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட ஆயம் தீர்ப்பளித்தது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி டி. ஏ. தேசாய். பென்சன் எசமானின் தயவினால் விழும் பிச்சையல்ல, செய்த சேவைக்காகச் சேர்ந்த உரிமை என்பது அதன் சாரம். ஓய்வு பெற்ற திகதியை மட்டும் வைத்து ஓய்வூதியரை இரு கூறாகப் பிரிப்பது சமத்துவத்துக்கு விரோதம் என்றும் நீதிமன்றம் கூறியது. தனித்தனியே வழக்காட வசதியற்ற முதியோருக்காக ஒரு சங்கம் முன்வந்து கேட்டதையும் ஏற்றுக்கொண்டது. இந்திய ஓய்வூதியர்கள் அந்த டிசம்பர் 17 ஐத் தமது நாளாக இன்றும் கொண்டாடுகிறார்கள்.

திகதி வைத்துப் பிரிக்கும் இந்த வில்லங்கம் இலங்கையிலும் வந்தது. 2016 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்கப் பொது நிருவாகச் சுற்றறிக்கை அரச சம்பளங்களைத் திருத்தியது. அதிகரிப்பு ஒரே நாளில் கொடுக்கப்படாமல் 2016 தொடக்கம் 2020 சனவரி வரை கட்டம் கட்டமாகக் கொடுக்கப்பட்டது. அந்த இடைக்காலத்தில் ஓய்வு பெற்றோரின் பென்சன், ஏற்றம் முழுமையாகச் சேருமுன் இருந்த சம்பளத்தில் கணக்கிடப்பட்டது. ஒரே பதவியில், ஒரே அளவு காலம் வேலை செய்த இருவர், ஒருவர் 2017 இலும் மற்றவர் 2020 இலும் ஓய்வு பெற்றால் அவர்கள் பென்சன் வேறாயிற்று. இதனைச் சீர்செய்ய 2019 இல் வெளியான சுற்றறிக்கையும் பின்னர் இடைநிறுத்தப்பட்டது. ஓய்வூதியர் சங்கங்கள் விடாது கேட்டுவந்தன. 2025 வரவு செலவுத் திட்டத்திலேயே, 2020 இற்கு முன் ஓய்வு பெற்றோரின் பென்சன் 2025, 2026, 2027 ஆகிய ஆண்டுகளில் மூன்று கட்டங்களாகச் சீர்செய்யப்படும் என்று அறிவிக்கப்பட்டது. இடையில் சென்ற ஆண்டுகளில் கண்மூடியவர்களுக்கு அந்தச் சீர் எட்டவில்லை. முதியவருக்குத் தாமதம் என்பதே ஒரு மறுப்பு என்பதை இது காட்டுகிறது.

எங்கே முறையிடலாம்?

வீட்டில் ஓய்வு பெற்ற ஆசிரியரோ தபாற்காரரோ புகையிரத ஊழியரோ, அவர்களின் விதவையோ இருந்தால், நன்மை வந்து சேராதபோது எடுத்தவுடன் நீதிமன்றம் ஓட வேண்டியதில்லை. படிப்படியாகப் போகலாம்.

முதலில், கடைசியாக வேலை செய்த திணைக்களத்துக்கும், ஓய்வூதியத் திணைக்களத்துக்கும், பிரதேச செயலகத்தின் ஓய்வூதியப் பிரிவுக்கும் எழுத்தில் கேட்க வேண்டும். வாய்ப்பேச்சுக்குச் சாட்சி இல்லை. கடிதத்தைப் பதிவுத் தபாலில் அனுப்பிப் பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்த வேண்டும். கடிதத்தைத் தமிழில் எழுதலாம். தமிழில் பதில் பெறவும் உரிமை உண்டு. கோடீஸ்வரன் காலத்தில் இல்லாத வசதி இது. சிங்களத்தில் மட்டும் பதில் வந்தால் 1991 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்த அரசகரும மொழிகள் ஆணைக்குழுவுக்கு முறையிடலாம்.

பதில் வராவிட்டால் அல்லது கோவை காணாமற் போய்விட்டது என்று சொன்னால், 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தைப் பயன்படுத்தலாம். ஒவ்வொரு அரச அலுவலகத்திலும் தகவல் அலுவலர் ஒருவர் இருக்க வேண்டும். விண்ணப்பம் கிடைத்துப் பதினான்கு வேலை நாட்களுக்குள் தருவதா மறுப்பதா என்று அவர் தீர்மானிக்க வேண்டும். பல சிக்கல்கள் இந்த ஒரு விண்ணப்பத்தோடேயே அவிழ்ந்துவிடலாம். ஏனெனில் கோவை எந்த மேசையில் நிற்கிறது என்பது தெரிந்தாலே பாதி வேலை முடிந்தது.

பாகுபாடு நடந்திருந்தால் அரசியலமைப்பின் 126 ஆவது உறுப்புரையின்படி உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்யலாம். ஆனால் ஒரு மாதத்துக்குள் செய்ய வேண்டும். இந்த ஒரு மாதத்தைத் தவறவிட்டுக் கதவு மூடப்பட்டோர் அநேகர். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறையிட்டால், அங்கே விசாரணை நடைபெறும் காலம் கணக்கில் சேராது என்று 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டம் கூறுகிறது. விசாரணை உண்மையில் நடைபெறுவதற்கான எழுத்தாதாரத்தையும் பெற்று வைத்திருப்பது நல்லது. ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகம் யாழ்ப்பாணத்திலும் உண்டு.

அதிகாரி சட்டப்படி செய்யவேண்டியதைச் செய்யாதபோது, அதனைச் செய்யும்படி கட்டளையிடக் கேட்டு எழுத்தாணை மனுவை மேன்முறையீட்டு நீதிமன்றத்திலும், மாகாண சபைக்குரிய விடயங்களில் மாகாண மேல் நீதிமன்றத்திலும் தாக்கல் செய்யலாம். அரசாங்க சேவை ஆணைக்குழுவின் தீர்மானங்களுக்கு எதிராக, 2002 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டத்தின்படி இயங்கும் நிருவாக மேன்முறையீட்டு நியாயசபை இருக்கிறது. நிருவாகத்துக்கான பாராளுமன்ற ஆணையாளருக்குக் கடிதம் மூலம் முறையிடலாம். சட்டத்தரணிக்குப் பணம் கொடுக்க வசதியற்றோர் சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம். எந்த வழி தமக்குப் பொருந்தும் என்பதை வழி தொடங்குமுன் அங்கே கேட்டறிவது நல்லது.

பத்திரம் இல்லாத வீடு

எந்த வாசலுக்குப் போனாலும் முதலில் கேட்கப்படுவது பத்திரம். நியமனக் கடிதம், பதவி உறுதிக் கடிதம், சம்பள மாற்றக் கடிதங்கள், விதவைகள் அநாதைகள் ஓய்வூதிய இலக்கம், விவாகப் பதிவு, பிறப்புச் சாட்சிப் பத்திரம். கோடீஸ்வரன் வழக்கை வெல்ல முடிந்ததற்கும் ஒரு காரணம், எப்போது சேர்ந்தார், எந்த நிபந்தனையில் சேர்ந்தார், எந்தச் சுற்றறிக்கையால் எது மறுக்கப்பட்டது என்பவற்றை எழுத்தில் காட்டக்கூடியதாக இருந்தமையே.

இடம்பெயர்ந்த வீடுகளின் பெருந்துன்பம் இங்கேதான். ஒரு கையில் பிள்ளையும் மறு கையில் அரிசிப் பையுமாக ஓடியவர்கள் நியமனக் கடிதத்தைத் தேடிக்கொண்டு நிற்கவில்லை. வீடு விழுந்தபோது அலுமாரியும் போயிற்று. எனினும் வீட்டுப் பிரதி அழிந்தது என்பதால் உரிமை அழிந்துவிடாது. திணைக்களத்தில் ஒரு கோவை இருக்கலாம். சம்பளத்திலிருந்து கழிக்கப்பட்ட பணத்தின் பதிவு இருக்கலாம். பாடசாலையின் வரவுப் புத்தகம், சம்பவத் திரட்டு, பழைய வங்கிப் புத்தகம், உடன் வேலை செய்தோரின் சத்தியக் கடதாசி ஆகியவை துணைச் சான்றுகளாகலாம். பிறப்பு, இறப்பு, விவாகப் பதிவுகளின் பிரதிகளைப் பிரதேச செயலகத்தின் பதிவாளர் பிரிவில் விண்ணப்பிக்கலாம்.

உயிரோடு இருக்கும் முதியவரிடம் இன்றே கேட்டு எழுதிவைக்க வேண்டிய சில விடயங்கள் உண்டு. எந்த ஆண்டில் சேர்ந்தார், எந்தெந்த அலுவலகங்களில் எவ்வளவு காலம் இருந்தார், பென்சன் இலக்கம் என்ன, இடம்பெயர்ந்த காலத்தில் எங்கே கையொப்பமிட்டார் என்பவற்றை ஒரு கொப்பியில் எழுதி, பத்திரங்களின் நிழற்பிரதிகளோடு இரண்டு வீடுகளில் வைத்துக்கொள்ளலாம். அவர் கண்மூடியபின் தேடத் தொடங்கினால் ஒவ்வொரு தகவலுக்கும் ஒரு கச்சேரி ஏற வேண்டிவரும்.

கமக்காரருக்கு இதில் என்ன?

"எங்களுக்குச் சம்பளமும் இல்லை, பென்சனும் இல்லை, இது உத்தியோகத்தரின் கதை" என்று சிலர் எண்ணலாம். அப்படியல்ல.

கமக்காரருக்கென ஓர் ஓய்வூதியத் திட்டம் 1987 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கச் சட்டத்தால் தொடங்கப்பட்டது. கடற்றொழிலாளருக்கு 1990 இல் அதுபோன்ற சட்டம் வந்தது. தவணைப் பணம் கட்டிச் சேர்ந்தவருக்கு முதுமையில் மாதந்தோறும் ஒரு தொகை என்பது அதன் ஒழுங்கு. திட்டத்தில் பணம் போதாமல் கமக்காரரின் கொடுப்பனவு இடையில் தடைப்பட்டு, 2014 இல் மீண்டும் தொடங்கியது. கட்டிய பற்றுச்சீட்டை வைத்திருப்பவர் கேட்க முடியும். வைத்திராதவர் கேட்பதற்கே சிரமப்படுவார். தனியார் நிறுவனங்களிலும் தோட்டங்களிலும் கூலிக்கு நிற்கும் எமது பிள்ளைகளுக்கு 1958 ஆம் ஆண்டின் ஊழியர் சேமலாப நிதிச் சட்டம் இருக்கிறது. ஊழியர் நூற்றுக்கு 8 உம் தொழில் கொள்வோர் நூற்றுக்கு 12 உம் செலுத்த வேண்டும் என்பது அதில் உள்ள குறைந்த அளவு. தன் பெயரில் பணம் உண்மையாகச் செலுத்தப்படுகிறதா என்று கேட்கும் பழக்கம் இளவயதிலேயே வரவேண்டும்.

இன்னும் ஒன்று. 2013 ஏப்ரலில் வலிகாமம் வடக்கில் 6,381 ஏக்கர் காணியைச் சுவீகரிப்பதற்கான அறிவித்தல் ஒட்டப்பட்டபோது, ஆயிரத்துக்கு மேற்பட்ட காணிச் சொந்தக்காரர் மேன்முறையீட்டு நீதிமன்றம் சென்றார்கள். அவர்கள் உத்தியோகத்தர் அல்லர். பெரும்பாலும் நலன்புரி முகாமிலும் உறவினர் வீட்டிலும் இருந்த தோட்டக்காரரும் கடற்றொழிலாளருமே. உறுதியைக் காப்பாற்றி வைத்திருந்தவர் அதனைக் காட்டினார். இழந்தவர் காணிப் பதிவகத்தில் பிரதி தேடினார். பின்வந்த ஆண்டுகளில் காணிகள் பகுதி பகுதியாக விடுவிக்கப்பட்டதற்கு வழக்கு ஒன்றே காரணம் என்று கூற முடியாது. மக்களின் போராட்டமும் ஆட்சி மாற்றமும் அதில் சேர்ந்தன. ஆனால் "இது எங்கள் காணி, நாங்கள் விட்டுக்கொடுக்கவில்லை" என்ற சொல் நீதிமன்றப் பதிவில் ஏறி நின்றது ஒரு பலம்.

செய்த வேலைக்கான சம்பளமும், உழைத்து முடித்தவரின் பென்சனும், பாட்டன் பூட்டன் வெட்டிய கிணறுள்ள காணியும் ஒருவர் மனம் இரங்கித் தரும் தானங்கள் அல்ல. தாழ்ந்து நின்று கெஞ்சிக் கேட்கும் பழக்கம் எம்மில் பலருக்கு நெடுங்காலத் துன்பத்தினால் வந்தது. மரியாதையாக, எழுத்தில், உரிய காலத்துக்குள், கூடுமானால் பலர் ஒன்றுசேர்ந்து கேட்போம். கிராம அபிவிருத்திச் சங்கங்களும் மாதர் சங்கங்களும் தமது அடுத்த கூட்டத்தில் ஒரு மணி நேரத்தை இதற்கென ஒதுக்கலாம். தமது ஊரில் எத்தனை முதியோரின் பென்சன் தடைப்பட்டிருக்கிறது, எத்தனை விதவைகள் விண்ணப்பிக்காமலே இருக்கிறார்கள், எத்தனை வீடுகளில் பத்திரம் இல்லை என்று ஒரு பட்டியல் எடுக்கட்டும். எழுதப் படிக்கத் தெரிந்த இளைஞர் ஒருவர் அவர்களோடு பிரதேச செயலகத்துக்கு ஒரு நாள் போய்வரட்டும். நீதிமன்றம் வரை போகாமலே தீரக்கூடிய காரியங்கள் அந்தப் பட்டியலில் பல இருக்கும்.